ஓரிக்கைக் கரடியின் ஜாதியும் குடும்பமும்

கரடி என்றதும் ஓடாதீர்கள், கண்ணுகளா. இந்தக் கதையில் கரடி கிடையாது. கிடையாது என்பதுதான் இதில் பயப்பட வேண்டிய விஷயம். நிஜக் கரடி வந்திருந்தால் கலியன் எந்தப் பக்கமாவது ஓடித் தப்பித்திருப்பான். இல்லாத கரடிக்குப் பயந்து எந்தப் பக்கம் ஓடுவது, சொல்லுங்கள்?

துரைமார் ஆண்ட காலம் அது. கலியன் காஞ்சிபுரத்தை அடுத்த ஓரிக்கைக்காரன். ஆற்றங்கரையில் கூரை வீடு, ஒரு வண்டி, ஒரு ஜோடி மாடு. காஞ்சிபுரத்தில் வாடகைக்கு எடுத்த கல்யாணப் பாத்திரங்களை மாகறலில் கொண்டுபோய்ச் சேர்க்க ஒப்புக்கொண்டு புறப்பட்டவன், பாலாற்று மணலில் கடையாணி கழன்று சக்கரம் ஒரு பக்கமும் அண்டா ஒரு பக்கமுமாக உருள, முகூர்த்தமெல்லாம் முடிந்த பிறகு போய் நின்றான். சமைக்கப் பாத்திரம் இல்லாமல் சம்பந்தி வீட்டார் பசியோடு எழுந்து போய்விட்டார்கள். பெண்ணைப் பெற்ற மளிகைக்கடைப் பஞ்சாட்சரம் அவமானம் தாங்காமல் வண்டிக்காரன்மேல் கச்சேரியில் பிராது கொடுத்தார்.

கச்சேரி என்றால் பாட்டுக் கச்சேரி இல்லை. சர்க்கார் ஆபீசுக்கும் கோர்ட்டுக்கும் அப்போது அதுதான் பெயர். பாட்டும் அங்கே உண்டுதான். பாடுவது ஜனங்கள், கையை ஆட்டி நிறுத்துவது உத்தியோகஸ்தர்கள்.

சுற்றுப்பயணம் வந்த துரை ஓரிக்கை மாந்தோப்பில் கூடாரம் அடித்திருந்தார். பகலில் கச்சேரியில் உட்கார்ந்து வழக்குக் கேட்பார். துரைக்குத் தமிழ் தெரியாது. அதற்காகத் துபாஷி ஸௌந்தரராஜன் பக்கத்தில் நிற்பார். இரண்டு பாஷையிலும் அவர் கெட்டிக்காரர். ஒன்றை இன்னொன்றோடு சேர்த்து யோசிக்கிற வழக்கம்தான் அவருக்கு இல்லை.

கலியன் கைகட்டிச் சொன்னான்: "கடையாணி கழண்டுக்கினு சக்கரம் ஆத்துல உருண்டு பூடுச்சு சாமி. இருட்டுல தேடிக்கினு இருந்தேன்."

"பொய்!" என்று குதித்தார் பஞ்சாட்சரம். "கரடி விட்றான் துரைங்களே! இவனுக்குப் பொழைப்பே கரடி விட்றதுதான்!"

நம் பக்கத்தில் கரடி விடுகிறான் என்றால் பொய்யளக்கிறான் என்று பால் குடிக்கிற பிள்ளைக்கும் தெரியும். ஸௌந்தரராஜன் தொண்டையைச் செருமிக்கொண்டு இங்கிலீஷில் மொழிபெயர்த்தார். இந்த ஆள் கரடியை அவிழ்த்து விடுகிறவன், அதுவே இவன் ஜீவனம் என்று.

துரையின் பேனா நின்றுவிட்டது. வழக்கு கேட்பது அவருக்கு உத்தியோகம். காட்டு மிருகம் சுட்டுத் தோலைப் பஞ்சடைப்பது அவருக்குப் பிராணன். கண்கள் பளபளக்க ஏதோ கேட்டார்.

"எவ்வளவு பெரிய கரடின்னு துரை கேக்கறார்," என்றார் ஸௌந்தரராஜன்.

துரை தன் கட்சிக்கு வந்துவிட்டார் என்று பஞ்சாட்சரத்துக்கு உற்சாகம். "பெருங்கரடிங்க! இங்கே விட்டா மாகறல்ல போய் நிக்கும்!"

"எத்தனை காலமா?"

"இவன் அப்பன் இவனைவிட மோசம். அந்த ஆளு விட்ட கரடியை ஊர்ல இன்னும் சொல்லிக்கினு இருக்காங்க. பரம்பரைங்க, பரம்பரை!"

துரை எழுதிக்கொண்டார்: பெரிய உருவம், மாகறல் வரை நடமாட்டம், தலைமுறை தலைமுறையாக வளர்ப்பு.

கலியன் இரண்டு கையையும் விரித்தான். "சாமி, கரடி கிரடி ஒண்ணும் கெடையாது. அது வெறும் பேச்சு சாமி!"

"கரடி பேசும் என்கிறான்," என்று இங்கிலீஷில் போயிற்று அது.

துரை நாற்காலி நுனிக்கு வந்தார். ஸௌந்தரராஜன் கலியன் பக்கம் திரும்பினார். "என்ன பாஷைடா?"

"தமிழுதான் சாமி. எங்களுக்கு வேற இன்னா தெரியும்?"

அப்போதுதான் பஞ்சாட்சரத்துக்கு விஷயம் உறைத்தது. முகம் வெளுத்து, "எஜமான், நான் சொன்ன கரடி வேற…" என்று ஆரம்பித்தார். "உஷ்! சாட்சி முடிஞ்சுது," என்று டவாலிச் சேவகன் அவரை வெளியே தள்ளினான். பிராதே வேண்டாம் என்று அவர் மறுபடி வந்து மன்றாடியபோது, "இது இப்போ உம்ம பிராது இல்லை, சர்க்கார் கரடி," என்று அனுப்பிவிட்டார்கள்.

உத்தரவு இதுதான். துரை கூடாரம் கலைப்பதற்குள் கலியன் கரடியைக் கொண்டுவந்து நிறுத்த வேண்டும். தவறினால் கரடியை ஒளித்த குற்றத்துக்கு வேலூர் ஜெயில்.

மறுநாள் முதல் கச்சேரி ஒழுங்காக நடந்தது. வாசலில் டவாலிச் சேவகன் வந்து நின்று, வழக்கில் சம்பந்தப்பட்டவர்களை முறைப்படி கூப்பிட்டான்: "கரடீ… கரடீ… கரடீ…" மூன்றாம் தடவை கூப்பிட்டபோது வாசலில் இருந்த ஜனம் முழுக்கக் காலணியை விட்டுவிட்டு ஓடியது. கலியனும் திரும்பிப் பார்த்தான். வந்துவிட்டால் என்ன செய்வது என்ற பயம் ஒரு பக்கம், வரவில்லையே என்ற பயம் ஒரு பக்கம். கரடி ஆஜராகவில்லை என்று பதிவு செய்தார்கள்.

கச்சேரியில் துரைக்கு அடுத்த பெரிய மனிதர் சிரஸ்தார் பாஷ்யம். கலியன் அவர் காலில் விழுந்தான்.

"சாமி, உங்களுக்குத் தமிழ் தெரியுமே. கரடி விட்றதுன்னா இன்னான்னு உங்களுக்குத் தெரியாதா?"

"தெரியாம என்னடா," என்றார் பாஷ்யம் சாவகாசமாக. "எங்காத்துல என்னையே தெனம் சொல்றா. ஆனா நேக்குத் தெரிஞ்சது வேற, கச்சேரிக்குத் தெரிஞ்சது வேற. நேக்கு இருக்கறது வெறும் அறிவு. கச்சேரிக்கு இருக்கறது உத்தரவு."

"துபாஷி ஐயா மாத்திச் சொல்லிட்டாருன்னு ஒரு வார்த்தை…"

"சொல்லலாம். அவர் என் மாப்பிள்ளைங்கறதைக்கூட விடு. சொன்னா துரை என்ன கேப்பர்? இதுக்கு முன்னாடி எத்தனை மாத்திச் சொன்னார்னு கேப்பர். அவர் வாய்வழியா ஜெயிலுக்குப் போனவா எத்தனை பேர்! தூக்குக்கே போயிருக்கா. அவாளையெல்லாம் நான் எங்கேர்ந்துடா கூட்டிண்டு வருவேன்? நீ ஒருத்தன் தப்பிக்கறதுக்காக அத்தனை பேர் தண்டனையையும் பொய்யாக்கச் சொல்றியே, நோக்கு நெஞ்சுல ஈரமே இல்லையா?"

கச்சேரிச் சுவருக்கும் மனசு உண்டு, தான்தான் அதைப் புண்படுத்திவிட்டோம் என்றுகூடக் கலியனுக்கு ஒரு நிமிஷம் தோன்றிவிட்டது.

பிறகு ஜாதி விசாரணை தொடங்கியது. கரடி வருகிறபோது வரட்டும், அது என்ன ஜாதி, எந்தக் குடும்பம் என்று முன்னதாகவே தெரிந்துவைத்திருக்க வேண்டும் என்று துரை சொல்லிவிட்டார். அதற்காகத் தலையணை தடிமனில் படம் போட்ட புஸ்தகம் ஒன்றையும் அனுப்பினார். ரிக்கார்டு குமாஸ்தா தேவராஜன் அதை மடியில் வைத்துக்கொண்டு உட்கார, கலியனை எதிரே நிறுத்தினார்கள்.

"குடும்பம்?" என்றார் தேவராஜன்.

"ஒரு பொண்டாட்டி, ஒரு பொண்ணு சாமி."

"கரடிக் குடும்பம். பெண் ஒன்று, குட்டி ஒன்று," என்று எழுதிக்கொண்டார் தேவராஜன். கலியனுடைய மனைவி லோகாம்பாளும் மகள் காந்தாவும் அப்போது ஆற்றில் துணி துவைத்துக்கொண்டிருந்தார்கள். தாங்கள் எதில் சேர்க்கப்பட்டோம் என்று அவர்களுக்குத் தெரியாது.

பாஷ்யம் படம் படமாகப் புரட்டிக் காட்டினார். "நன்னா பாரு. இது பனிக்கட்டி தேசத்துக் கரடி, வெள்ளை. இதுவானா சுங்கம் கட்டாம கப்பல்ல இறக்கின குத்தம். இது பழுப்பு. இதுவானா இமயமலைலேர்ந்து திருடின குத்தம். இது சீன தேசத்தது, கறுப்பும் வெள்ளையுமா இருக்கு. இதைக் கரடியில சேக்கறதா வேண்டாமான்னே பண்டிதாள் அடிச்சுக்கறா. இதுவானா அந்நிய ராஜாவோட சதி. சொல்லு, எது உன்னோடது?"

கலியன் அழுதுவிட்டான். "எதுக்குச் சாமி தண்டனை கம்மி?"

"நம்ம தேசத்துக் கறுப்புக் கரடிக்குத்தான். தேன் திங்கும், கறையான் உறிஞ்சும். இதுக்கு வெறும் ஆறு மாசம்."

"அப்போ அதுவே இருக்கட்டும் சாமி."

கண்ணுகளா, பயந்தவன் வாயிலிருந்து இப்படித்தான் குற்றம் ஒப்புக்கொள்ளப்படுகிறது. கேட்டவர்கள் அடிக்கவில்லை, உதைக்கவில்லை. வெற்றிலைகூட நீட்டினார்கள்.

தேவராஜன் அந்தக் கரடியின் பக்கத்தை எடுத்து உரக்கப் படித்தார். அதில் ஒரு வேடிக்கை இருந்தது. இந்தக் கரடியை முதலில் பார்த்த சீமைப் பண்டிதர், இது கரடியே இல்லை, மரக்கிளையில் தலைகீழாகத் தொங்குகிற ஏதோ தூங்குமூஞ்சி மிருகம் என்று எழுதிவிட்டாராம். நீள நகத்தையும் பல்லையும் பார்த்து ஏமாந்துவிட்டாராம். கண்ணெதிரே நின்ற கரடியைக் கரடி இல்லை என்றவர்களும் உத்தியோகஸ்தர்கள்தான், இல்லாத கரடிக்கு ஜாதி எழுதுகிறவர்களும் உத்தியோகஸ்தர்கள்தான். நடுவில் கரடி என்ன செய்யும், பாவம்.

"அடையாளம் கேளுங்கோ," என்றார் தேவராஜன். "கறுப்புச் சடை ரோமம். நீள நகம். மேல்வரிசையில நடு முன்பல் ரெண்டும் கிடையாது."

அழுதுகொண்டிருந்த கலியனுடைய வாய் திறந்திருந்தது. மாட்டின் கொம்பு எப்போதோ பட்டு, மேல்வரிசையில் நடு முன்பல் இரண்டும் அவனுக்குக் கிடையாது. தோளில் கறுப்புக் கம்பளி. வண்டிக்காரன் நகம், வெட்டிப் பல நாளாகியிருந்தது.

பாஷ்யம் தேவராஜனைப் பார்த்தார். தேவராஜன் பாஷ்யத்தைப் பார்த்தார். இருவரும் கலியனுடைய வாய்க்குள் பார்த்தார்கள். அவன் சட்டென்று வாயை மூடிக்கொண்டான். ஏன் மூடினோம் என்று அவனுக்கே புரியவில்லை.

இதற்குள் ஊரில் தமுக்கு அடித்தாகிவிட்டது. ஓரிக்கைக் கரடியைக் கண்டவர்கள் கச்சேரிக்குத் தெரிவிக்க வேண்டும், காணாதவர்கள் ஏன் காணவில்லை என்று தெரிவிக்க வேண்டும். காணாததற்குக் காரணம் சொல்லுவதைவிடக் கண்டுவிடுவது சுலபம். ஊரே கண்டது. பிள்ளையார்பாளையத்தில் சாயம் தோய்த்துக் காயப்போட்ட கறுப்புப் பட்டுநூல் காற்றில் ஆடியதைக் கண்டு ஒரு தெரு முழுதும் தறியை விட்டுவிட்டு உள்ளே போய்த் தாழ் போட்டுக்கொண்டது. பக்கத்து ஊரான கூரத்திலிருந்து வந்த ஒருவர், அது தன்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதாகவே எழுதிக் கொடுத்தார். கலியனை வழியில் பார்த்தவர்கள், "எப்பா, உன் கரடியைக் கட்டி வையேன், பிள்ளைகுட்டி இருக்கிற ஊரு," என்று கையெடுத்துக் கும்பிட்டார்கள்.

வீட்டில் கலியன் கதவுக்கு முட்டுக் கொடுத்துவிட்டு மூலையில் உட்கார்ந்திருந்தான். வெளியே தென்னமட்டை விழுந்தாலும் தூக்கிவாரிப் போட்டது.

"இன்னாய்யா இது," என்றாள் லோகாம்பாள். "கரடியே இல்லேன்னு ஊருக்குத் தெரியாம இருக்கலாம். உனக்குக் கூடவா தெரியாது?"

"தெரியும் புள்ளே. ஆனா இத்தினி பேரு பாத்திருக்காங்களே."

"நான் வந்து கேக்கட்டுமா அந்த சிரஸ்தாரை? உங்க துபாஷிக்கு வாயில இன்னா கொழுக்கட்டையான்னு கேக்கட்டுமா?"

"வேணாம்மா! நீ கச்சேரிப் பக்கமே வராதே. அங்க நீ வேற யாரோவா இருக்கிறே."

அது என்ன என்று அவனால் விளக்கிச் சொல்ல முடியவில்லை. காந்தா ஐந்து வயசுக் குழந்தை, அப்பாவின் கம்பளிக்குள் புகுந்துகொண்டு, "கரடி இன்னா சாப்பிடும்பா?" என்று கேட்டாள். கலியன் கம்பளியை அவள்மேல் இழுத்துப் போர்த்தினான்.

துரை கூடாரம் கலைக்கிற நாள் வந்தது. பொழுது சாயும் வேளைக்குப் பாஷ்யமே கலியன் வீட்டு வாசலுக்கு வந்து நின்றார். குரலில் தேன் சொட்டியது.

"நோக்கு ஒரு நல்ல வழி கொண்டுவந்திருக்கேன். துரைக்கு வேண்டியது கண்ணால ஒரு தடவை பாக்கறது. தோப்புல தூரத்துல, கம்பளியைப் போத்திண்டு நாலு கால்ல இந்த மரத்துலேர்ந்து அந்த மரத்துக்குப் போயிடு. கரடி ஆஜர்னு எழுதிடறோம். ஜெயில் இல்லை, கிஜெயில் இல்லை."

"நானா சாமி? நான் மனுசன் சாமி."

"அதை நாங்க பாத்துக்கறோம். பல் சரியா இருக்கு, நகம் சரியா இருக்கு, குடும்பம் பதிவாகியிருக்கு. இன்னும் உன் பேச்சு என்னத்துக்கு?"

ஆறு மாசம் ஜெயில் என்பதை நினைத்தான். மாட்டுக்குத் தண்ணீர் காட்ட யார் இருக்கிறார்கள் என்று நினைத்தான். சரி என்றான்.

தோப்பின் ஓரத்தில் அவனைக் குந்தவைத்து வேஷம் கட்டினார்கள். புஸ்தகப்படி மார்பில் வெள்ளைக் குறி வேண்டும். பாஷ்யம் சுண்ணாம்பில் விரலைத் தோய்த்துக் கம்பளியின் முன்பக்கம் வளைவாக ஒரு கோடு போட்டார். அவர் நெற்றியில் இருந்த வடகலை நாமத்தின் அதே வளைவு.

தேவராஜன் பாய்ந்து கையைப் பிடித்தார். அவர் தென்கலை, நாமத்துக்குக் கீழே மூக்கில் பாதம் வைக்கிறவர். "நிறுத்துங்கோ! பாதம் எங்கே?"

"கரடிக்கு ஏது ஓய் பாதம்?"

"நாலு பாதம் இருக்கு! நாமத்துக்கு ஒண்ணு வைக்கப்படாதா? ஜாம்பவான் வம்சத்தைப் பாதம் இல்லாம நிறுத்தறது மஹாபாவம்!"

"ஜாம்பவான் உம்ம காதுல வந்து சொன்னாரோ?"

தேவராஜன் கீழே ஒரு பாதம் வைத்தார். பாஷ்யம் அதை அழித்தார். மறுபடி வைத்தார், மறுபடி அழித்தார். கலியன் மார்பைக் காட்டிக்கொண்டு மூச்சை அடக்கிக் குந்தியிருந்தான். கடைசியில் குறி என்று ஒன்றும் இல்லாமல், மார்பு முழுக்கக் கல்யாணப் பூசணிக்காய் போல வெள்ளை வெளேரென்று ஆகிவிட்டது. குறி பார்த்துச் சுட அதைவிட வசதியான இடம் ஒரு மிருகத்தின் உடம்பில் இருக்க முடியாது.

ஸௌந்தரராஜன் மூச்சிரைக்க ஓடி வந்தார். "துரை வந்துண்டிருக்கார். துப்பாக்கியோட. தோலுக்குள்ள பஞ்சடைச்சுப் பட்டணத்துக்கு அனுப்பப் போறாராம்."

கலியன் பாஷ்யத்தின் முகத்தைப் பார்த்தான். "சாமி… சுடுவாரா?"

"பதறாதே. சுட்டப்புறம் உன்மேல கேஸ் கிடையாது. கரடியை ஒளிச்ச குத்தம் அப்படியே தள்ளுபடி. நானே எழுதித் தரேன்."

"எழுந்து நின்னு மனுசன்னு சொல்லிட்டா?"

"துரையை ஏமாத்தினதா ஆகும். அதுக்கு ஆயுசு பூரா உள்ளே." பாஷ்யம் பெருமூச்சு விட்டார். "உன் நன்மைக்குத்தான் சொல்றேன். கரடியாவே இரு."

தோப்பைச் சுற்றிப் போலீஸ்காரர்கள் தமுக்கோடு நின்றார்கள். கரடி வெளியே ஓடிவிடக்கூடாதாம். தமுக்கு கிளம்பியது. யாரோ பின்னால் கழியால் குத்தினார்கள். கலியன் நாலு காலில் நகர்ந்தான். சருகு முழங்காலுக்கடியில் நொறுங்கியது. மங்கலில், மாமரங்களுக்கு அப்பால், வெள்ளைத் தொப்பி ஒன்று நின்றது. தொப்பிக்குக் கீழே நீளமாக ஒன்று மெல்ல மேலே எழும்பியது. எழுந்து கத்தலாமா? கத்தினால் ஆயுசு. ஓடலாமா? ஓடினால் கரடி ஓடுகிறது என்று சுடுவார்கள். நின்றால், நிற்கிறது என்று சுடுவார்கள். மார்பு தரையைத் தொடுகிற மாதிரி தாழ்ந்து, கண்ணை மூடிக்கொண்டான். பல் இல்லாத வாயிலிருந்து ஒரு சத்தம் வந்தது. அது மனிதச் சத்தமாக இல்லை. அதைக் கேட்டுத்தான் அவன் இன்னும் பயந்தான்.

வேண்டாம் என்று அவன் சொல்லியும் லோகாம்பாள் பின்னாலேயே வந்து மரத்தடியில் ஒளிந்திருந்தாள், குழந்தையை அணைத்தபடி. துப்பாக்கி உயர்ந்ததும் அவள் பிடி நழுவியது. காந்தா பாய்ந்து ஓடினாள். சருகில் விழுந்து, எழுந்து, அப்பாவின் முதுகில் ஏறி, கம்பளிக்குள் தலையை நுழைத்து, பல்லி மாதிரி ஒட்டிக்கொண்டாள்.

தமுக்கு நின்றது.

துரை துப்பாக்கியை இறக்கினார். ஏதோ மெதுவாகச் சொன்னார். ஸௌந்தரராஜன் மொழிபெயர்த்தார்.

"துரை சொல்றார், இந்த ஜாதியில மட்டும்தான் தாய் குட்டியை முதுகுல சுமக்குமாம். ஆகையால இது பொம்மனாட்டி. குட்டியோட இருக்கற பொம்மனாட்டியைச் சுடறது கனவானுக்கு அழகில்லையாம்."

"பொம்மனாட்டியேதான்," என்றார் பாஷ்யம் உடனே. "நேக்கு அப்பவே பட்டுது."

"கண்ணுல ஒரு தாய்மை இருக்கு பாருங்கோ," என்றார் தேவராஜன். இந்த ஒரு விஷயத்தில் இரண்டு கலையும் ஒத்துப்போயிற்று.

துரை தொப்பியைக் கழற்றி, அந்தத் தாய்க்கு ஒரு மரியாதை செய்தார். பயமுறுத்தாமல் ஆற்றைத் தாண்டி அக்கரைக் காட்டில் கொண்டுபோய் விடும்படி உத்தரவு பிறந்தது. போலீஸ்காரர்கள் இரண்டு பக்கமும் ஒதுங்கி வழிவிட்டார்கள். கலியன் மகளை முதுகில் சுமந்தபடி தோப்பைக் கடந்து, கரையில் இறங்கி, பாலாற்று மணலில் நாலு காலில் போனான். பகலெல்லாம் காய்ந்த மணல் உள்ளங்கையைச் சுட்டது. அவன் நிற்கவில்லை.

நடு ஆற்றில் லோகாம்பாள் வேறு வழியாக ஓடி வந்து எதிரே நின்றாள். மூச்சு வாங்கியது.

"எழுந்திரய்யா. போதும். எழுந்திரு."

கலியன் தலையைத் தூக்காமல் கேட்டான்: "உத்தரவு வந்துச்சா?"

அவள் மணலில் உட்கார்ந்து, அவன் கையை ஒவ்வொன்றாக எடுத்து, உள்ளங்கையில் ஒட்டிய மணலை முந்தானையால் துடைத்தாள். மார்பில் இருந்த சுண்ணாம்பைத் துடைக்கப் பார்த்தாள். அது காய்ந்து இறுகிப்போயிருந்தது.

"காந்தா, எறங்கும்மா. அப்பா எழுந்திரிக்கட்டும்."

கம்பளிக்குள்ளிருந்து குரல் வந்தது. "எறங்க மாட்டேன். எறங்கினா சுடுவாங்க."

"இல்லேடி கண்ணு. அவங்க பூட்டாங்க."

"போகல. கரையில நிக்கிறாங்க. நான் பாத்தேன்."

லோகாம்பாள் திரும்பிப் பார்த்தாள். கரையில் போலீஸ்காரர்களின் சிவப்புத் தலைப்பாகை இரண்டு நின்றன. கையில் இருந்தது தமுக்குக் கோலா வேறு ஏதாவதா என்று அந்த மங்கலில் தெரியவில்லை.

குழந்தையின் கை கழுத்தை இன்னும் இறுக்கியது. கலியன் அந்தக் கையை ஒரு தடவை தொட்டுப் பார்த்தான். பிறகு ஒரு முழங்காலை ஊன்றி, மறு காலை ஊன்றி, மகளை இறக்காமலே, முதுகைக் கரைக்குக் காட்டாமல் பக்கவாட்டில் திரும்பி, கொஞ்சம் கொஞ்சமாக நிமிர்ந்து நின்றான்.

கரையில் எதுவும் வெடிக்கவில்லை. மூவரும் இன்னும் கொஞ்ச நேரம் காதைத் தீட்டிக்கொண்டு அப்படியே நின்றார்கள். பிறகு இரண்டு காலில் நடந்தார்கள்.